கார் து நோரில் இரண்டு ராகு காலம்

பாரிஸ் கார் து நோர் ஸ்டேசனில், லண்டன் ரயிலிலிருந்து சனம் பெட்டிகளை இழுத்துக்கொண்டு வந்தது. அந்தக் கூட்டத்துக்குள் ஜீன்ஸ் போட்ட ஒரு பெண்ணும், கோட்டும் கழுத்துத் துண்டுமாக அவளுடைய அப்பாவும் எங்களை அடையாளம் கண்டு கையை அசைத்தார்கள். அண்ணையும் கையைத் தூக்கினார். தங்கச்சி நானும் பல் தெரியச் சிரித்தேன். அம்மா மட்டும் சந்தியில் நிற்கும் பொலிஸ்காரர் மாதிரி உள்ளங்கையை விரித்து நீட்டினார்.

"அதிலேயே நில்லுங்கோ. ஸ்டேசனை விட்டு வெளியில வந்திடாதேங்கோ."

என் அண்ணையின் கல்யாணப் பேச்சில், பெண் வீட்டாரிடம் அம்மா நேருக்கு நேர் சொன்ன முதல் வசனம் இதுதான். வாங்கோ என்றுகூடச் சொல்லவில்லை.

லண்டன்காரர் அப்படியே நின்றுவிட்டார். பின்னால் வந்த ஒரு வெள்ளைக்கார அம்மாள் தன் பெட்டியை அவர் காலில் ஏற்றிவிட்டு, பர்தோன் என்று மன்னிப்புச் சொல்லிக்கொண்டு போனார்.

"ஏன் அக்கா, ஏதும் பிரச்சினையோ?"

"பிரச்சினை ஒண்டுமில்லை அண்ணை. ஒன்பது மணி தாண்டியிட்டுது. சனிக்கிழமை. ராகு காலம் தொடங்கியிட்டுது. பத்தரை மட்டும் பொறுத்திட்டு வெளிக்கிடுவம்."

அவர் தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "எட்டு இருபதுதானே?"

அப்போதுதான் எங்களுக்கு விளங்கியது. மனிதர் கடிகாரத்தை, பாரிசுக்கு ஒரு மணித்தியாலம் பிந்திய லண்டன் மணியிலேயே வைத்திருந்தார். போன கிழமை தொலைபேசியில், எட்டு மணி கழிய வந்துவிடுவோம் என்று அவர் சொன்னதும் லண்டன் மணிதான். ராகு காலத்துக்கு முன்பே வருகிறார்கள் என்று அம்மா நிம்மதியாக இருந்தார். ராகு காலத்துக்கு முன்பே வந்து இறங்குகிறோம் என்று அவரும் நிம்மதியாக ரயில் ஏறியிருக்கிறார். இரண்டு பேரும் ராகுவுக்குப் பயந்தவர்கள். ஆனால் ஆளுக்கொரு மணி.

பஞ்சாங்கம் தெரிந்த வாசகர்கள், சூரியன் உதிக்கும் நேரத்தை வைத்துத்தான் ராகு காலம் கணிக்க வேண்டும் என்று ஆசிரியருக்குக் கடிதம் எழுதவேண்டாம். எங்கள் வீட்டில் ராகுவுக்குக் கோடையும் இல்லை, மாரியும் இல்லை. சனி என்றால் ஒன்பதிலிருந்து பத்தரை.

எது ஸ்டேசன், எது ஊர்

கார் து நோரைத் தெரியாதவர்களுக்கு ஒரு விஷயம் சொல்லவேண்டும். அது ஒரு ஸ்டேசன் இல்லை. ஒன்றுக்குக் கீழே ஒன்றாக அடுக்கி வைத்த பல ஸ்டேசன்கள். மேலே கண்ணாடிக் கூரையின் கீழ் தூர தேசத்து ரயில்கள். அதற்குக் கீழே மெத்ரோ. இன்னும் கீழே ஆர்.ஈ.ஆர் என்று நாங்கள் சொல்லும் புறநகர் ரயில்கள். பக்கவாட்டில் ஒரு நீண்ட சுரங்கப் பாதை போய், தமிழ்க் கடைகள் நிறைந்த லாச்சப்பலில் ஏறும். லாச்சப்பலில் மெத்ரோ நிலத்துக்குக் கீழே ஓடாது, வானத்தில் பாலம் கட்டி ஓடும்.

இதனால் குடும்பங்கள் பிரிந்திருக்கின்றன. எங்கள் தூரத்துச் சொந்தத்தில் இரண்டு பேர், ஒரு சாவீட்டுக்குச் சேர்ந்து போக, "கார் து நோரில நில்" என்று பேசிக்கொண்டார்கள். ஒருவர் மேலே நின்றார். மற்றவர் கீழே நின்றார். இருவரும் தனித்தனியே திரும்பிப் போனார்கள். வேண்டுமென்றே ஏமாற்றிவிட்டான் என்று இன்றுவரை இரண்டு பேரும் நம்புகிறார்கள்.

அம்மாவின் சட்டம் என்னவென்றால், ஸ்டேசன் எந்த ஊருக்கும் சேர்த்தி இல்லை. ரயிலில் வருவதும் ஸ்டேசனில் நிற்பதும் கணக்கில் வராது. கூரைக்குக் கீழே நிற்கும் வரைக்கும் வந்ததாகவே கணக்கில்லை. வெளியே கால் வைத்தால்தான் பாரிசுக்கு வந்ததாக அர்த்தம்.

லண்டன்காரர் தலையை நிமிர்த்திக் கூரையைப் பார்த்தார். "கண்ணாடிக்குள்ளால வானம் தெரியுதே அக்கா."

"கண்ணாடிக்குள்ளால வீட்டிலயும்தானே தெரியும்."

அவர் சளைக்கவில்லை. "அப்ப கீழால போவம். உங்கடை வீட்டுக்கு, பொண்டிக்குப் போற ரெயின் நிலத்துக்குக் கீழதானே. வானமே தெரியாது."

அம்மா யோசித்தார். உண்மையாகவே யோசித்தார். சரி என்று சொல்லப்போகும் நேரத்தில் நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம்.

"பாதி வழியில மேல வந்திடும் அம்மா. பொண்டி ஸ்டேசன் வெளியிலதானே," என்றேன்.

"அப்ப சரிவராது," என்றார் அம்மா.

லண்டன்காரர் என்னைப் பார்த்த பார்வையில் அன்பு இருக்கவில்லை. இருந்தாலும் பெண்ணைப் பெற்றவர். பையைக் கீழே வைத்துவிட்டு, வரிசையாக இருந்த இரும்புக் கதிரைகளில் ஒன்றில் உட்கார்ந்தார். அவருடைய மனைவி வரவில்லை. கடவுச்சீட்டைப் புதுப்பிக்கக் கொடுத்திருந்தார்களாம். வந்திருந்தால் நிலைமை இன்னும் மோசமாகியிருக்கலாம், அல்லது அவர் ஒரே வார்த்தையில் எல்லாவற்றையும் முடித்திருக்கலாம்.

அம்மாவை விளங்கிக்கொள்ள

அம்மாவைப் பிடிவாதக்காரி என்று நினைக்காதீர்கள். பிடிவாதக்காரிதான், ஆனால் காரணம் உண்டு.

எங்களுக்கு வதிவிடப் பத்திரமான பப்பியே கிடைப்பதற்கு முன், பிரெபெக்சர் அலுவலகத்துக்கு வரச் சொல்லி றாந்தேவு தந்த நாட்களில் எல்லாம் அம்மா அண்ணையை ராகு காலம் தொடங்குமுன்பே வீட்டிலிருந்து துரத்திவிடுவார். அண்ணை குளிருக்குள் போய் ஏதாவது ஒரு பஸ் தரிப்பில் நின்று நேரத்தைப் போக்குவார். ஒரேயொரு முறை அண்ணை நித்திரையாகிப் பிந்தி வெளிக்கிட்டார். அன்றைக்குத்தான் எங்கள் கோப்பைத் திருப்பிக் கையில் தந்தார்கள். ஒரு படிவத்தில் கையெழுத்துக் குறைந்ததுதான் காரணம் என்று நான் எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். கையெழுத்து ஏன் குறைந்தது என்று அம்மா திருப்பிக் கேட்டார்.

அதோடு, அண்ணையின் கல்யாணம் எங்கள் வீட்டில் ஒரு நோய் மாதிரி ஆகியிருந்தது. முப்பத்தைந்தைத் தாண்டிவிட்டார். ஒபர்வில்லியேயில் மொத்த உடுப்புக் கடை ஒன்றில் களஞ்சியப் பொறுப்பாளர். குடிப் பழக்கம் இல்லை, சண்டை சச்சரவு இல்லை, பேச்சும் இல்லை. ஒரு சம்பந்தம் சாதகத்தில் போனது. ஒன்று, பொடியன் வாயே திறக்கிறான் இல்லை என்று போனது. இன்னொன்று எதனால் போனது என்று எங்களுக்கு இன்றுவரை தெரியாது.

இந்த லண்டன் பெண் மைதிலியோடு மட்டும் அண்ணை பேசினார். யாரோ சொந்தக்காரர் இலக்கத்தைக் கொடுக்க, மாதக் கணக்காகத் தொலைபேசியில் பேசினார். குளியலறைக்குள் நின்று பேசினார். மனிதர் அதற்குள் இருந்து சிரிக்கும் சத்தம் கேட்டு, அம்மா என்னைக் கூப்பிட்டுக் காட்டினார். நாங்கள் இருவரும் கதவுக்கு வெளியே மூச்சுவிடாமல் நின்று கேட்டோம். அண்ணை சிரித்து எவ்வளவு காலம் என்று அம்மா அன்று அழுதார்.

இந்தச் சம்பந்தம் தவறிப் போகக்கூடாது. அதனால்தான் அம்மா அந்தக் கையை நீட்டினார். எனக்கு அது அப்போது விளங்கவில்லை, கோபம்தான் வந்தது.

லண்டன் மணி

முதல் ஒரு மணித்தியாலம் நன்றாகவே போனது. அம்மாவும் லண்டன்காரரும் ஊரில் யார் யாருக்குச் சொந்தம் என்று தேடிக்கொண்டிருந்தார்கள். அவர் அம்மாவை அக்கா என்றார், அம்மா அவரை அண்ணை என்றார். ஒருவரையொருவர் மூத்தவராக்கியபடியே கதை நடந்தது. கூரையின் இரும்புக் கம்பிகளில் இருந்த புறாக்கள் இறங்கி வந்து லண்டன்காரரின் சப்பாத்தைச் சுற்றின. துவக்கோடு காவல் நின்ற இராணுவப் பொடியன்கள் எங்கள் பைகளை ஒருமுறை பார்த்தார்கள், பிறகு அம்மாவைப் பார்த்தார்கள், விலகிப் போய்விட்டார்கள்.

மைதிலியும் அண்ணையும் ஒரு கதிரை இடைவெளி விட்டு இருந்தார்கள். நடுவில் அவளுடைய பை. அதற்குள் பொண்டியில் போய் உடுப்பதற்கான சேலை. தொலைபேசியில் அவ்வளவு பேசியவர்கள் நேரில் ஒரு வார்த்தை பேசவில்லை.

வீட்டிலிருந்து அப்பா வேறு தொலைபேசி எடுத்துக்கொண்டே இருந்தார். "வடை ஆறுது. நான் இரண்டு சாப்பிட்டிட்டன், எண்ணி வைக்கேல்லைத்தானே?"

பத்து மணியளவில் அம்மா அண்ணையைக் கோப்பி வாங்க அனுப்பினார். தூக்கிவர உதவி செய்கிறேன் என்று மைதிலியும் எழும்பினாள். கோப்பிக் கடை கண்ணுக்கு எட்டிய தூரத்தில்தான் இருந்தது. பெரியவர்கள் இருவரும் அனுமதித்த மாதிரி வேறு பக்கம் பார்த்தார்கள்.

கடைசியில் பத்தரை ஆனது. அம்மா எழும்பிச் சேலை மடிப்பைச் சரிசெய்தார். முகத்தில் வெளிச்சம்.

"சரி அண்ணை, வெளிக்கிடுவம்."

லண்டன்காரர் எழும்பவில்லை. கோட் கையை விலக்கிக் கடிகாரத்தைக் காட்டினார்.

"எனக்கு இப்ப ஒன்பதரை அக்கா. இப்பத்தான் எனக்கு ராகு காலம் நடக்குது."

அம்மா சிரித்தார், பகிடி என்று நினைத்து. அது பகிடி இல்லை என்று விளங்கியதும் சிரிப்பு நின்றது.

"பாரிசில இருந்துகொண்டு லண்டன் மணி பாக்கிறதே?"

"புது வீட்டுக்க கால் வைக்கப் போறது என்ரை பிள்ளை. அவள் லண்டன் பிள்ளை. அவளுக்கு அவளின்ரை மணிதான். நான் நல்ல நேரத்தில கூட்டிக்கொண்டு வந்தனான். நீங்கள்தான் அதைப் போக்காட்டினது."

"இந்த ஊர் ராகுவுக்க பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போகச் சொல்லுறியளோ?"

"அப்ப எங்கடை ராகுவுக்க மட்டும் கூட்டிக்கொண்டு போகலாமோ?"

குரல் உயர்ந்தது. பக்கத்துக் கதிரையில் ரொட்டி தின்றுகொண்டிருந்த ஒரு ஆபிரிக்கர் மெல்ல எழும்பி அப்பால் போனார். எனக்கு முதலில் அம்மா மேல் கோபம் வந்தது, பிறகு லண்டன்காரர் மேல், கடைசியில் ராகு மேல். ஒரு மணித்தியாலம் பொறுத்தால் என்ன என்று நான் அம்மாவிடம் மெதுவாகக் கேட்டேன். அம்மாவுக்கு இப்போது அது ஒரு மணித்தியாலக் கதையாக இருக்கவில்லை. பொம்பிளை வீட்டார் சொல்வதற்குத் தலையாட்டினால் நாளைக்கும் ஆட்டவேண்டி வரும் என்று கண்ணாலேயே சொன்னார்.

லண்டன்காரர் பையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். "பின்னேரம் திரும்பிப் போறதுக்கு ரிக்கற் இருக்கு. நாங்கள் இதிலேயே இருந்திட்டு அப்பிடியே போறம். ஒருத்தருக்கும் கரைச்சல் வேண்டாம்."

அவ்வளவுதான். நாலாவது சம்பந்தமும் போகிறது என்று நினைத்தேன். அண்ணைக்கு இதை யார் சொல்வது என்று திரும்பிப் பார்த்தேன்.

கோப்பிக் கடையில் அண்ணை இல்லை. மைதிலியும் இல்லை.

மச்சாள்

"எங்கை என்ரை பிள்ளை?" என்றார் லண்டன்காரர்.

அண்ணையின் தொலைபேசி அடித்தது, எடுக்கவில்லை. இரண்டு பேரையும் அங்கேயே இருக்கச் சொல்லிவிட்டு நான் ஓடினேன். இரண்டு சண்டைக்காரரையும் தனியே விட்டுப் போவதில் ஒரு ஆபத்து இருந்தது. ஆனால் ஒருவரும் ஸ்டேசனை விட்டு வெளியே போகமாட்டார்கள் என்ற நிம்மதியும் இருந்தது.

நகரும் படியில் கீழே இறங்கினேன். மெத்ரோ வாசலில் இல்லை. பொண்டி ரயிலுக்கு இறங்கும் இடத்தில் இல்லை. சனிக்கிழமைக் கூட்டம், எல்லோரும் எனக்கு எதிராகவே வருகிற மாதிரி இருந்தது. ஒரு தூணுக்குப் பக்கத்தில் நின்று மூச்சு வாங்கியபோதுதான் அண்ணையைப் பற்றி ஒழுங்காக யோசித்தேன். மனம் குழம்பினால் அவர் வழக்கமாக எங்கே போவார்? லாச்சப்பலில், ரூ பிலிப்-து-ஜிரார் தெருவில் ஒரு தேநீர்க் கடைக்கு. ஆனால் அதற்கு ஸ்டேசனை விட்டு வெளியே போகவேண்டுமே.

லாச்சப்பல் சுரங்கப் பாதையில் நடந்தேன். பாதி நடை, பாதி ஓட்டம். மேலே ஏறினால் மழை தூறிக்கொண்டிருந்தது. மரக்கறிக் கடைகளின் முன்னால் முருங்கைக்காயும் கறிவேப்பிலையும் நனைந்துகொண்டிருந்தன. தலைக்கு மேல் மெத்ரோ சத்தமிட்டுப் போனது.

கடைக்குள் கண்ணாடிக்குப் பக்கத்து மேசையில் இருவரும் இருந்தார்கள். முன்னால் பிளேன்ரீயும் மரக்கறி ரோல்ஸும். அண்ணை பேசிக்கொண்டிருந்தார். கையை ஆட்டி ஆட்டி, என் அண்ணை, பேசிக்கொண்டிருந்தார். அவள் வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

என்னைக் கண்டதும் அவள் பக்கத்துக் கதிரையை இழுத்துப் போட்டாள்.

"வாங்கோ மச்சாள். உங்களுக்கும் ரீ சொல்லட்டோ?"

ஒரு கல்யாணச் செய்தியைத் தமிழில் இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது. நான் கதிரையில் இருந்துவிட்டேன்.

"எத்தினை மணிக்கு ஸ்டேசனை விட்டு வந்தனீங்கள்?" என்றுதான் கேட்க வந்தது.

"பத்து தாண்டித்தான். கோப்பிக் கடையில பெரிய வரிசை," என்றார் அண்ணை.

மனதுக்குள் கணக்குப் போட்டேன். பாரிஸ் ராகு முடியவில்லை, லண்டன் ராகு தொடங்கிவிட்டது. இரண்டும் ஒன்றின்மேல் ஒன்றாக நின்ற அந்த அரை மணித்தியாலத்தைத் தேடிப் பிடித்து இவர்கள் வாசலைத் தாண்டியிருக்கிறார்கள்.

"என்னதான் கதைச்சனீங்கள்?"

"இவர் கேட்டார், அம்மாவோட ஒரே வீட்டில இருக்க ஏலுமோ எண்டு. நான் கேட்டன், என்ரை அப்பாவைச் சமாளிக்க ஏலுமோ எண்டு," என்றாள் மைதிலி. "அதுக்குப் பிறகு கேக்க வேற ஒண்டும் இருக்கேல்லை."

ஸ்டேசனுக்குள்ளேதான் சுற்றினோம் என்று சொல்லிவிடுவோம் என்றேன். அண்ணை உடனே தலையாட்டினார். மைதிலி ஆட்டவில்லை.

"அப்பாவுக்கு நான் பொய் சொல்லுறேல்லை. தலையில மழைத் தண்ணியும் இருக்கு."

ஸ்டேசன் சத்தம்

நாங்கள் திரும்பி வந்தபோது இரண்டு பேரும் ஒரே கதிரை வரிசையின் இரண்டு கரையில் இருந்தார்கள். எங்களைக் கண்டதும் இருவரும் ஒரேயடியாக எழும்பினார்கள்.

மைதிலி நேரே போய் இருவருக்கும் நடுவில் நின்றாள். நான் ஏதாவது சொல்லி மறிப்பதற்குள் சொல்லிவிட்டாள்.

"அப்பா, நாங்கள் வெளியில போட்டு வந்தம். லாச்சப்பலுக்கு. இருந்து கதைச்சம். எனக்கு இவரைக் கலியாணம் செய்ய விருப்பம். இவருக்கும் விருப்பம்."

லண்டன்காரர் கடிகாரத்தைப் பார்த்தார். அம்மாவும் தன்னுடையதைப் பார்த்தார். பிறகு, அன்றைக்கு முதல் தடவையாக, இருவரும் ஒருவரையொருவர் ஒரே பயத்தோடு பார்த்துக்கொண்டார்கள். அண்ணை நிலத்தைப் பார்த்தபடி நின்றார். அவருடைய காதுகள் சிவந்திருந்தன.

அறிவிப்புக்கு முன் ஒலிக்கும் அந்த நாலு சுரம் ஒலித்தது. ஒரு பெண் குரல் ஏதோ ஊருக்குப் போகும் ரயில் பிந்துகிறது என்று நிதானமாகச் சொல்லி முடித்தது. அம்மா அது முடியும்வரை காத்திருந்தார்.

"இந்தச் சத்தத்துக்க பிள்ளை சொன்னது எனக்கு ஒண்டும் விளங்கேல்லை," என்றார் அம்மா. "உங்களுக்கு ஏதும் கேட்டதோ அண்ணை?"

மைதிலி சொன்னது அறிவிப்புக்கு முன்பு. அங்கே நின்ற புறாவுக்கும் அது தெரியும்.

லண்டன்காரர் அம்மாவின் முகத்தைப் பார்த்தார். கழுத்துத் துண்டைச் சரிசெய்தார்.

"இல்லை அக்கா. எனக்கும் ஒண்டும் கேக்கேல்லை."

"அப்ப இருப்பம். பதினொண்டரைக்குப் பிறகு பிள்ளை ஒருக்கா ஆறுதலாச் சொல்லட்டும்."

பதினொன்றரை. அது லண்டன் மணிக்குப் பத்தரை. அம்மா அதைச் சாதாரணமாகச் சொல்லிவிட்டு உட்கார்ந்தார். லண்டன்காரர் எழும்பினார். தன் பையைத் தூக்கிக்கொண்டு வந்து அம்மாவுக்குப் பக்கத்துக் கதிரையில் இருந்தார்.

அண்ணை என்னைப் பார்த்தார். சிரிக்கவேண்டாம் என்று நான் கண்ணைக் காட்டினேன். எனக்கே அடக்க முடியாமல் இருந்தது.

அம்மா மைதிலியைக் கூப்பிட்டுத் தன் மறுபக்கம் இருத்தினார். ஒன்றுமே கேளாத அம்மா, ஒரு முடிவும் தெரியாத அம்மா, அவளுடைய கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். அவளுடைய தலைமயிரில் இருந்த மழைத் துளிகளைச் சேலைத் தலைப்பால் ஒற்றினார். "வெளியில மழையோ?" என்று மட்டும் கேட்டார். ஓம் என்றாள் அவள். லண்டன் ரயில் ஒன்று வந்தது, சனத்தை இறக்கியது. நாங்கள் அஞ்சு பேரும் சுவரில் இருந்த பெரிய மணிக்கூட்டையே பார்த்துக்கொண்டிருந்தோம். அம்மா அந்தக் கையை விடவில்லை.

முள் ஒருவழியாகப் பதினொன்றரையைத் தாண்டியது. லண்டன்காரர் தன் கடிகாரத்தையும் ஒருமுறை பார்த்துவிட்டுத் தலையசைத்தார். மைதிலி எழும்பி, இருவருக்கும் முன்னால் வந்து நின்று, தொண்டையைச் சரிசெய்தாள்.

அவள் வாயைத் திறக்குமுன்பே அம்மா அழத் தொடங்கிவிட்டார்.